சுவரோடு முதுகு ஒட்டி நின்ற ஆசிரியை: ஜாக்குலின் ஹில்லின் நடிப்பு வாழ்க்கை

1963 டிசம்பர் 21, சனிக்கிழமை மாலை. பிரிட்டனில் கறுப்பு வெள்ளைத் தொலைக்காட்சிப் பெட்டியின் முன் அமர்ந்திருந்தவர்கள், உலோகச் சுவர்கள் சூழ்ந்த ஒரு நகரத்தில் வழி தவறிய பெண் ஒருத்தியைப் பார்த்தார்கள். அவள் கடந்துவந்த பாதைகளில் கதவுகள் ஓசையுடன் மூடிக்கொள்கின்றன. சுவரைத் தடவியபடி நடக்கிறாள், நின்று செவிசாய்க்கிறாள், மறுபடியும் நடக்கிறாள். கடைசியில் ஏதோ ஒன்று அவளை நோக்கி வருகிறது. வருவது இன்னதென்று காட்டப்படவில்லை. கேமராவே அந்தப் பொருளின் கண்ணாகி அவளை நெருங்குகிறது. உறிஞ்சுகுழல் போன்ற ஒரு கருவி மட்டும் திரையின் ஓரத்தில் நீள, அவள் முதுகைச் சுவரோடு ஒட்டிக்கொண்டு அலறுகிறாள். அந்த வாரப் பகுதி அத்துடன் முடிந்துவிட்டது.

டாலெக் என்ற அந்த இயந்திர உயிரினத்தின் முழு உருவத்தை மக்கள் பார்த்தது ஒரு வாரம் கழித்துத்தான். அதன்பின் சில வாரங்களில் சுமார் 1 கோடிப் பேர் அத்தொடரைப் பார்க்கத் தொடங்கினார்கள். டாலெக் பொம்மைகள் கடைகளை நிறைத்தன. டாலெக்கை எழுதிய டெர்ரி நேஷனைப் பற்றியும், அதற்கு உருவம் கொடுத்த ரேமண்ட் கியூசிக்கைப் பற்றியும் நிறைய எழுதப்பட்டிருக்கிறது. ஆனால் அந்த முதல் அச்சத்தை உண்டாக்கியது எழுத்தும் அல்ல, உருவமும் அல்ல. அன்று ஸ்டூடியோவில் நடிகைக்கு எதிரே இருந்தவை ஒரு கேமராவும், அதன் பக்கத்தில் நின்று ஊழியர் ஒருவர் நீட்டிப் பிடித்த குழலும் மட்டுமே. இல்லாத ஒன்றைத் தன் முகத்தால் இருப்பதாக்கிய அந்த நடிகையின் பெயர் ஜாக்குலின் ஹில். பிபிசியின் 'டாக்டர் ஹூ' தொடரை ஆழ்ந்து கற்ற ரசிகர்களுக்கு வெளியே அந்தப் பெயர் இன்று பெரும்பாலும் அறியப்படாத ஒன்று.

1929 டிசம்பர் 17 அன்று பர்மிங்ஹாமில் பிறந்தவர் ஹில். பேச்சு வந்த வயதிலேயே பெற்றோரை இழந்து, தாத்தா பாட்டியிடம் வளர்ந்தார். குடும்பத்தின் நிலைமை அவரை 14 வயதில் பள்ளியிலிருந்து இறக்கி, நகரின் தென்பகுதியில் போர்ன்வில்லில் இருந்த கேட்பரி சாக்லேட் தொழிற்சாலைக்கு வேலைக்கு அனுப்பியது. கேட்பரி குடும்பத்தினர் குவேக்கர் சமயப் பிரிவைச் சேர்ந்தவர்கள். தொழிலாளிக்குக் கூலியோடு குடியிருப்பும் விளையாட்டுத் திடலும் கலையும் வேண்டும் என்ற கொள்கையோடு ஆலையைச் சுற்றி ஒரு சிற்றூரையே எழுப்பியவர்கள். ஆலைத் தொழிலாளர்களுக்கு நாடகக் குழுவும் இருந்தது. வேலை முடிந்த நேரத்தில் அந்தக் குழுவில் நடித்த சிறுமியின் திறமை கண்டு ஊக்குவித்தவர்கள் இருந்ததால், 16 வயதில் லண்டனின் ராயல் அகாடமி ஆஃப் டிராமாட்டிக் ஆர்ட்டில் உதவித்தொகையோடு இடம் கிடைத்தது. இரண்டாம் உலகப் போர் முடிந்த காலம் அது. பர்மிங்ஹாம் உழைக்கும் வர்க்கத்துப் பெண் ஒருத்தி அந்த வாசலைத் தாண்டியதே சாதாரண நிகழ்ச்சி அல்ல. அங்கே கற்றுக்கொடுக்கப்பட்ட தூய ஆங்கில உச்சரிப்பு, பிறகு அவர் நடித்த வேடங்களில் எல்லாம் அவருடைய பிறந்த மண்ணை முழுவதுமாக மறைத்துவிட்டது. பார்பரா ரைட் என்ற நடுத்தர வர்க்கத்து வரலாற்று ஆசிரியையை அவ்வளவு இயல்பாகச் செய்தவர் 14 வயதோடு பள்ளிப் படிப்பை இழந்தவர் என்பதைத் திரையில் எவராலும் ஊகிக்க முடியாது.

1950களின் தொடக்கத்தில் லண்டன் மேடையில் 'தி ஷ்ரைக்' நாடகத்தில் அவர் அறிமுகமானார். 1953இல் 'தி புளூ பேரட்' என்ற துப்பறியும் படத்தில் நடித்தார். திரைப்படம் அவருக்கு அதற்குமேல் பெரிதாக இடம் கொடுக்கவில்லை. அவருடைய தலைமுறையின் நடிகர்கள் பலருக்கும் பிழைப்பும் பயிற்சியும் அளித்தது தொலைக்காட்சிதான். 1953இல் எலிசபெத் அரசியின் முடிசூட்டு விழா ஒளிபரப்பானபோது பெட்டி வாங்கியவர்கள் பெருகினார்கள்; 1955 செப்டம்பரில் ஐடிவி என்ற வணிக ஒளிபரப்பு தொடங்கியதும் நாடகங்களுக்கான தேவை இரு மடங்காயிற்று. வாரந்தோறும் புது நாடகம், வாரந்தோறும் நடிகர் தேர்வு என்று ஒரு பெருந்தொழில் உருவானது.

அந்தத் தொழிலின் இயல்பைப் புரிந்துகொள்ளாமல் ஹில்லின் திறமையை மதிப்பிட முடியாது. அன்றைய தொலைக்காட்சி நாடகம் பெரும்பாலும் நேரலை. இரண்டு மூன்று வாரம் ஏதாவது ஒரு சமூகக்கூடத்தில், தரையில் ஒட்டிய நாடாக்களைச் சுவர்களாகவும் கதவுகளாகவும் பாவித்து ஒத்திகை பார்ப்பார்கள். ஒளிபரப்பு நாளில் ஸ்டூடியோவில் அரங்கங்கள் அருகருகே அமைந்திருக்கும். ஒரு காட்சி ஓடிக்கொண்டிருக்கும்போதே அடுத்த காட்சிக்கான நடிகர் கேபிள்களைத் தாண்டி, உடை மாற்றி, மூச்சிரைப்பை அடக்கிக்கொண்டு தன் இடத்தில் போய் நிற்க வேண்டும். வசனம் மறந்தால் சமாளிக்க வேண்டியதும் அவர்களே. மேடைக்குரிய இடைவிடாத ஓட்டமும், சினிமாவுக்குரிய அண்மைக் காட்சியின் நுட்பமும் ஒரே உடம்பில் கூடிவர வேண்டிய கலை அது. மேடையில் கடைசி வரிசைக்கு எட்டும்படி உயரும் குரல், முகத்திலிருந்து ஒரு கெஜ தூரத்தில் நிற்கும் கேமராவுக்குப் பொய்யாகத் தெரியும். குரலைத் தாழ்த்தி, எண்ணம் கண்ணில் மட்டும் ஓடும்படி நடிக்கத் தெரிந்தவர்களே நிலைத்தார்கள். ஹில் அவர்களில் ஒருவர்.

இந்தக் காலத்து நிகழ்ச்சி ஒன்றுதான் அவர் பெயரைச் சினிமா வரலாற்றின் அடிக்குறிப்பில் நிறுத்தியிருக்கிறது. ராட் செர்லிங் எழுதிய 'ரெக்வியம் ஃபார் எ ஹெவிவெயிட்' 1956இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஜாக் பாலன்ஸ் நடிப்பில் பெரும் புகழ் பெற்ற நாடகம். களத்திலிருந்து விலக வேண்டிய நிலைக்கு வந்துவிட்ட குத்துச்சண்டை வீரனின் கதை அது. அதை பிபிசிக்காக இயக்கியவர் கனடாவிலிருந்து வந்திருந்த ஆல்வின் ராகாஃப். பாலன்ஸே லண்டன் வந்து நடிப்பதாக ஏற்பாடு. கடைசி நேரத்தில் அவரால் வர முடியவில்லை. அவசர அவசரமாக மாற்று நடிகரைத் தேடிய ராகாஃபிடம், அதுவரை சிறுசிறு வேடங்களில் வந்துபோய்க்கொண்டிருந்த ஸ்காட்லாந்து இளைஞர் ஒருவரைப் பரிசீலிக்கச் சொன்னார் அந்த நாடகத்தின் நாயகியாக இருந்த ஹில். பெண்களுக்கு அவரைப் பிடிக்கும் என்பது அவர் சொன்ன காரணம். அந்த இளைஞர் ஷான் கானரி. 1957 மார்ச் 31 அன்று நேரலையாகப் போன அந்த நாடகமே கானரியின் முதல் பெரிய கதாநாயக வேடம். ஐந்து ஆண்டுகளில் அவர் ஜேம்ஸ் பாண்ட் ஆனார்.

கானரியைப் பற்றிய எழுத்துகளில் இந்தச் சம்பவம் தவறாமல் வரும். ஹில் அங்கே ஓர் ஆலோசனை சொன்ன பெண்ணாக வந்து, அந்தப் பத்தியிலேயே மறைந்துவிடுவார். அதே நாடகத்தில், வேலையற்றுப் போன வீரனுக்கு வேலை தேடித்தர முயன்று அவனிடம் பரிவு கொள்ளும் பெண்ணாக நடித்தவர் அவர் என்பதும், ஒரு புதியவரைத் தாங்கிப் பிடித்தபடி நேரலையில் அவ்வளவு நேரம் நின்றவர் அவர் என்பதும் அரிதாகவே சொல்லப்படுகின்றன. ஒரு நடிகையின் கண் மற்றொரு நடிகரின் திறனை எல்லோருக்கும் முன்னே கண்டுகொண்டது தற்செயல் அல்ல; கேமரா எதை விரும்பும் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. அந்த ஒளிபரப்பின் காட்சிப் பதிவு எதுவும் இன்று இல்லை. 1958இல் ஹில்லும் ராகாஃபும் மணந்துகொண்டார்கள்.

1963இல் பிபிசி நாடகப் பிரிவின் தலைவராக இருந்த சிட்னி நியூமன், சனிக்கிழமை மாலையில் விளையாட்டு நிகழ்ச்சிக்கும் இளைஞர்களின் இசை நிகழ்ச்சிக்கும் நடுவே இருந்த இடைவெளியை நிரப்ப ஒரு குடும்பத் தொடரைத் திட்டமிட்டார். காலத்திலும் வெளியிலும் பயணம் செய்யும், 'டாக்டர்' என்றே அழைக்கப்படும் விந்தை முதியவர், அவருடைய பேத்தி, அவர்களோடு எதிர்பாராமல் மாட்டிக்கொள்ளும் இரண்டு ஆசிரியர்கள். ஓர் ஆசிரியர் அறிவியல், மற்றொருவர் வரலாறு: எதிர்காலத்துக்குப் போனால் ஒருவர் விளக்குவார், கடந்த காலத்துக்குப் போனால் மற்றவர் விளக்குவார் என்பது கல்வி நோக்கோடு போட்ட கணக்கு. தயாரிப்பாளராக 27 வயது வெரிட்டி லாம்பர்ட் வந்தார். அப்போது பிபிசி நாடகப் பிரிவில் அவர் ஒருவரே பெண் தயாரிப்பாளர். முதல் கதையை இயக்கியவர் வாரிஸ் ஹுசைன். லக்னோவில் பிறந்தவர், எழுத்தாளர் அத்தியா ஹுசைனின் மகன், வயது 24. ஓர் இளம் பெண்ணும் ஓர் இந்திய இளைஞனும் நடத்தும் குழந்தைகள் தொடர் என்று நிறுவனத்துக்குள் பலர் அதைப் பெரிதாக மதிக்கவில்லை. லாம்பர்ட்டுக்கு முன்பே அறிமுகமாகியிருந்த ஹில், வரலாற்று ஆசிரியை பார்பரா ரைட்டாகத் தேர்வானார். முதியவராக வில்லியம் ஹார்ட்னெல், பேத்தி சூசனாகக் கேரல் ஆன் ஃபோர்ட், அறிவியல் ஆசிரியர் இயானாக வில்லியம் ரஸ்ஸல்.

1963 நவம்பர் 23 அன்று, அமெரிக்க அதிபர் கென்னடி சுட்டுக்கொல்லப்பட்டதற்கு மறுநாள், முதல் பகுதி ஒளிபரப்பானது. மக்களின் மனம் வேறெங்கோ இருந்ததால் அடுத்த வாரம் அதை மறுபடியும் காட்டி, அதைத் தொடர்ந்தே இரண்டாம் பகுதியைக் காட்டினார்கள். இன்று அந்த முதல் பகுதியைப் பார்க்கும்போது அது முழுக்க ஹில்லின் தோளில் ஏறி நகர்வது தெரிகிறது. ஒரு மாணவியின் அறிவு சில இடங்களில் வியக்கத்தக்கதாகவும் சில இடங்களில் விளங்காததாகவும் இருக்கிறதே என்று கவலைப்படத் தொடங்குபவர் பார்பரா. இயானை அழைத்துக்கொண்டு அந்தப் பழைய சாமான் கிடங்குக்குப் போவது அவருடைய வற்புறுத்தலால். காவல்துறைத் தொலைபேசிப் பெட்டிக்குள்ளிருந்து சூசனின் குரல் கேட்டதும் முதியவரைத் தாண்டி உள்ளே பாய்பவரும் அவரே. இருண்ட கிடங்கிலிருந்து வெளிச்சம் நிறைந்த அந்தப் பெரிய அறைக்குள் விழுந்த நொடியில் அவர் முகத்தில் ஓடும் திகைப்பு இருக்கிறதே, அதுதான் பார்வையாளருக்கும் கதைக்கும் இடையிலான ஒப்பந்தம். வெளியே சிறிதாகவும் உள்ளே பெரிதாகவும் இருக்கும் பெட்டி என்ற நம்ப முடியாத கற்பனையை, அதை நம்ப முடியாமல் நிற்கும் ஒரு பெரியவளின் முகம் நம்பவைக்கிறது. அந்த இடத்தில் கொஞ்சம் மிகைப்படுத்தியிருந்தாலும், அல்லது குழந்தைகள் தொடர்தானே என்று அலட்சியம் காட்டியிருந்தாலும், தொடர் அங்கேயே சரிந்திருக்கும் என்று நான் எண்ணுகிறேன்.

வேலைமுறை கடுமையானது. திங்கள் முதல் வியாழன் வரை ஒத்திகை, வெள்ளிக்கிழமை மாலை லண்டன் லைம் குரோவின் பழைய ஸ்டூடியோவில் பதிவு, திங்களன்று அடுத்த பகுதி. ஆண்டில் பெரும்பகுதி இப்படியே ஓடியது. ஒளிநாடா வந்துவிட்டிருந்தாலும் அதை வெட்டி ஒட்டுவது செலவு பிடித்த வேலை. ஆகவே 25 நிமிடப் பகுதி ஏறக்குறைய நேரலை போலவே, மிகக் குறைந்த நிறுத்தங்களோடு எடுக்கப்பட்டது. ஹார்ட்னெல் வசனத்தில் தடுமாறும் இடங்கள் பல. அவர் தவறவிட்ட சொல்லைத் தன் அடுத்த வரியில் நயமாக ஏந்திக் காட்சியை மறுபடி பாதைக்குக் கொண்டுவரும் ஹில்லையும் ரஸ்ஸலையும் அப்பதிவுகளில் இன்றும் கவனிக்கலாம். நடிகர்களுக்கு விடுப்பு வேண்டுமானால் கதையிலிருந்தே அவர்களைச் சில வாரம் ஒதுக்கிவைப்பார்கள். 'தி சென்சரைட்ஸ்' கதையில் பார்பரா இரண்டு பகுதிகளில் காணாமல்போவதற்கு அதுவே காரணம்.

டாலெக் கதைக்கு அடுத்து வந்த 'தி எட்ஜ் ஆஃப் டிஸ்ட்ரக்‌ஷன்' இரண்டே பகுதிகள் கொண்ட சிறு நாடகம். புது அரங்கமும் இல்லை, வேறு நடிகரும் இல்லை. நான்கு பேர், அந்தப் பெட்டியே ஆன ஒரு விண்கலம். கலம் பழுதானதற்கு ஆசிரியர்கள் இருவரும் சதி செய்ததே காரணம் என்று முதியவர் பழி சுமத்துகிறார். அப்போது பார்பரா அவரை எதிர்கொள்ளும் பேச்சு, அத்தொடரின் போக்கையே மாற்றியது. குற்றம் சாட்டுவதற்குப் பதில், இதுவரை உங்கள் உயிரைக் காத்ததற்காக எங்கள் காலில் விழுந்து நன்றி சொல்ல வேண்டும் என்ற பொருள்படக் கொந்தளிக்கிறார். ஹில் அதைக் கத்திச் சொல்லவில்லை. கோபம் சொல்லுக்குச் சொல் இறுகிக்கொண்டே போகிறது. கலம் தரும் குறிப்புகளைக் கோத்து ஆபத்தின் காரணத்தை முதலில் உணர்பவரும் அவரே. முடிவில் முதியவர் அவரிடம் தேடி வந்து சமாதானம் பேசுகிறார். சிடுசிடுத்த சுயநலக்கார முதியவர், மக்கள் பின்னால் நேசித்த நாயகனாக மாறத் தொடங்கியது இந்த இடத்தில்தான். பல பத்தாண்டுகளாகப் பல நடிகர்கள் ஏற்ற அந்தப் பாத்திரத்தின் மனச்சாட்சி, ஒரு பள்ளி ஆசிரியை கண்டித்ததிலிருந்து பிறந்தது.

ஆனாலும் ஹில்லின் நடிப்பில் எது உச்சம் என்று கேட்டால் தயங்காமல் 'தி ஆஸ்டெக்ஸ்' கதையைச் சொல்வேன். ஜான் லுகரோட்டி எழுதி, 1964 மே 23 முதல் நான்கு வாரம் ஒளிபரப்பான கதை அது. கல்லறை ஒன்றுக்குள் வந்து இறங்கும் பார்பரா அங்கே கிடந்த கைக்காப்பு ஒன்றை எடுத்து அணிந்துகொள்ள, ஆஸ்டெக் மக்கள் அவரை மறைந்த தலைமைக் குரு யெட்டாக்ஸாவின் மறுபிறவி என்று வணங்கத் தொடங்குகிறார்கள். அந்த நாகரிகத்தைப் படித்து நேசிக்கும் வரலாற்று ஆசிரியை அவர். அதன் கலையும் அறிவும் ஒரு புறம், நரபலி மறுபுறம். நரபலியை நிறுத்திவிட்டால் ஸ்பானியர் வரும்போது இந்த நாகரிகம் அழியாமல் தப்பக்கூடும் என்று நம்புகிறார். வரலாற்றின் ஒரு வரியையும் மாற்ற முடியாது என்று முதியவர் மன்றாடுகிறார். பார்பரா கேட்பதில்லை. மழைக்காகப் பலியிடப்பட இருந்தவனைத் தடுத்து நிறுத்துகிறார். தடுக்கப்பட்டவனோ தனக்குரிய பெருமை பறிபோய்விட்டதென்று கோபுரத்திலிருந்து தானே குதித்து மடிகிறான். மழையும் பெய்கிறது.

இந்தக் கதையில் ஹில் ஒரே நேரத்தில் இரண்டு பேராக இருக்க வேண்டும்: மக்கள் முன் அசையாத தெய்வம், தனிமையில் தவறிவிட்டோமோ என்று நடுங்கும் பெண். தலையலங்காரமும் கனத்த அணிகளும் அவர் உடம்பை ஏறக்குறைய கட்டிப்போட்டுவிடுகின்றன; மிஞ்சுவது கண்ணும் குரலும்தான். ஜான் ரிங்ஹாம் நடித்த பலிக் குரு ட்லோட்டாக்ஸல், வளைந்த முதுகோடும் இழுத்துப் பேசும் குரலோடும் நாடகமேடை வில்லனாகவே உலவுகிறார். அவரது ஆர்ப்பாட்டத்துக்கு எதிரே ஹில் அசைவைக் குறைத்துக்கொண்டே போகிறார். நஞ்சு கலந்த பானத்தை நீட்டுகிறார்கள். முதலில் நீங்களே அருந்துங்கள் என்று திருப்பிச் சொல்லும்போது அவர் குரலில் ஆணவம் இல்லை, வகுப்பில் குறும்பு செய்த பையனைக் கையும் களவுமாகப் பிடித்த ஆசிரியையின் நிதானம் இருக்கிறது. பார்பரா ஆசிரியை என்பதை அந்த ஆடை அணிகளுக்கு உள்ளேயும் அவர் மறக்கவில்லை. முடிவில் பார்பரா தோற்கிறார். அவரை நம்பிய அறிவுக் குரு ஆட்லாக், தன் மக்களின் சமயத்தில் நம்பிக்கை இழந்து, தனியே வனாந்தரத்துக்குப் போகிறார். ஒரு மனிதரையாவது காப்பாற்றினாயே என்று முதியவர் தேற்ற, ஹில் தலைகுனிந்து நிற்கும் அந்தக் காட்சி, குழந்தைகளுக்கான தொடர் என்று ஒதுக்கப்பட்ட ஒன்றுக்குள் எவ்வளவு கனம் அடங்கியிருந்தது என்பதைக் காட்டும். அறப் பிரச்சினை ஒன்றைப் பெண் பாத்திரத்தின் மனத்துக்குள் வைத்து, அவளையே செயலின் மையமாக்கி நடத்திய இத்தகைய கதைகள் அக்காலத் தொலைக்காட்சியில் அதிகம் இல்லை.

நகைச்சுவையும் அவருக்குக் கைவந்தது. 1964 இறுதியில் வந்த இரண்டாம் டாலெக் கதையில், லண்டன் தெருவில் லாரியை ஓட்டி டாலெக்குகளின் மீது மோதிப் போகிறார் பார்பரா. பிறகு அவற்றிடம் சிக்கியதும், பெரும் கலகம் ஒன்று நடக்கப்போகிறது என்று தான் வகுப்பில் நடத்தும் பாடங்களை எல்லாம் அள்ளிவிடுகிறார்: பாஸ்டன் தேநீர்க் கலகம், 1857இன் இந்தியக் கிளர்ச்சி, ஜெனரல் லீ, ஹானிபல் எல்லாம் ஒரே மூச்சில். டாலெக்குகள் அதை உண்மை என்று நம்பிக் குழம்புகின்றன. சிரிப்பை அடக்கிய கடுமையான முகத்தோடு ஹில் அந்தப் பட்டியலை ஒப்பிக்கும் நேர்த்தி தனி இன்பம்.

1965 ஜூன் 26 அன்று 'தி சேஸ்' கதையின் முடிவில் இயானும் பார்பராவும் லண்டனுக்குத் திரும்பிவிடுகிறார்கள். ரஸ்ஸல் விலக முடிவு செய்தபோது ஹில்லும் விலகினார். இருவரும் லண்டன் வீதிகளில் சிரித்தபடி சுற்றுவதை நிழற்படங்களின் வரிசையாக எடுத்தவர் டக்ளஸ் கேம்ஃபீல்ட். அந்த மகிழ்ச்சி நடிப்பா, ஒன்றரை ஆண்டுக்கும் மேலான ஓயாத உழைப்பிலிருந்து விடுபட்ட இருவரின் உண்மை மகிழ்ச்சியா என்று பிரித்தறிவது கடினம்.

அதே கோடையில் திரையரங்குகளுக்கு வந்தது 'டாக்டர் ஹூ அண்ட் தி டாலெக்ஸ்' என்ற வண்ணத் திரைப்படம். ஹில் நடித்த அதே டாலெக் கதை. ஆனால் பார்பராவாக ஜென்னி லிண்டன், முதியவராகப் பீட்டர் குஷிங். அந்தப் படத்தில் பார்பரா ஆசிரியை அல்ல, நாயகரின் பேத்தி. கண்டிக்கும் குரல் அவளுக்கு இல்லை. சிறுதிரையில் உருவாக்கியவர்களை விட்டுவிட்டுப் பெரிய திரை பாத்திரங்களை மட்டும் எடுத்துக்கொண்டது. திரைப்படம் வண்ணத்தில் இருந்ததாலும், பிறகு பலமுறை தொலைக்காட்சியில் காட்டப்பட்டதாலும், ஒரு தலைமுறைக் குழந்தைகள் பார்பரா என்றால் ஜென்னி லிண்டன் என்றே அறிந்திருக்க வாய்ப்பு உண்டு. ஏனென்றால் ஹில் நடித்த பகுதிகளை அந்தக் காலத்தில் திரும்பப் பார்க்க வழியே இல்லை.

அதற்குக் காரணம் பிபிசியின் அன்றைய நடைமுறை. இரண்டு அங்குல ஒளிநாடா விலை உயர்ந்தது. அழித்துவிட்டு அதன்மேலேயே மறுபடி பதியலாம். நடிகர் சங்கத்தோடு செய்துகொண்ட ஒப்பந்தங்கள் மறுஒளிபரப்பைக் கட்டுப்படுத்தியிருந்தன. வண்ணம் வந்தபின் கறுப்பு வெள்ளைத் தொடருக்கு இனி மதிப்பில்லை என்று கருதினார்கள். ஆகவே மூல நாடாக்கள் அழிக்கப்பட்டன. வெளிநாட்டு விற்பனைக்காகத் திரையை நோக்கிக் கேமராவை வைத்து 16 மில்லிமீட்டர் படச்சுருளில் எடுத்த நகல்கள் மட்டும் எஞ்சின. 1970களில் அவற்றிலும் பல அழிக்கப்பட்டன. 1978 வாக்கில் அழிப்பு நின்று, தேடல் தொடங்கியது. பார்பரா பயணத்தில் இருந்த காலத்தில் ஒளிபரப்பான 77 பகுதிகளில் 66 இன்று இருக்கின்றன. அவருக்குப் பின் வந்த சில நடிகைகளின் நிலையோடு ஒப்பிட்டால் இது நல்வாய்ப்பு. போனவற்றுள் ஏழு பகுதிகள் கொண்ட 'மார்க்கோ போலோ' முழுவதும் அடக்கம். வாரிஸ் ஹுசைன் பெரும்பகுதியை இயக்கிய அந்தக் கதையில் எஞ்சியவை, ரசிகர்கள் வீட்டில் ஒலிநாடாவில் பிடித்துவைத்த வசனமும், சில நிழற்படங்களும் மட்டுமே. சிலுவைப் போர்க் கதையான 'தி குரூசேட்'டின் முதல் பகுதி 1999இல் நியூசிலாந்தில் சேகரிப்பாளர் ஒருவரிடமிருந்து கிடைத்தது. நான்கு பகுதிகளில் இரண்டு இன்னும் கிடைக்கவில்லை. 1950களின் நேரலை நாடகங்களுக்கு இந்த நற்பேறும் இல்லை. அவற்றில் மிகப் பல பதிவே செய்யப்படாமல் அன்றிரவே மறைந்தன. ஆக, ஹில்லின் தொழில் வாழ்க்கையில் நாம் பார்க்கக்கூடியது பெரும்பாலும் இந்த ஒரு தொடர்தான். அதை வைத்து அவரை ஒரே வேடத்தின் நடிகை என்று சொல்வது அவருக்கு இழைக்கும் அநீதி.

தொடரிலிருந்து விலகியபின் ஹில் நடிப்பை ஒதுக்கிவைத்துக் குழந்தைகளை வளர்த்தார். பத்தாண்டுக்கு மேல் கழித்து, 1978 டிசம்பரில் பிபிசி ஒளிபரப்பிய ஷேக்ஸ்பியரின் 'ரோமியோ அண்ட் ஜூலியட்'டில் ஜூலியட்டின் தாய் கேபுலெட் சீமாட்டியாகத் திரும்பி வந்தார். இயக்கியவர் ராகாஃப். சூத்திரதாரியாக ஜான் கீல்குட், செவிலித் தாயாக சீலியா ஜான்சன், டிபால்ட்டாக அன்று யாருக்கும் தெரியாத ஆலன் ரிக்மன். இந்தக் கூட்டத்தில் ஹில்லின் நடிப்பு அடக்கமானது. மகளிடம் அன்பு காட்டத் தெரியாத, கணவனின் சினத்துக்கு அஞ்சிய சீமாட்டியை அவர் குளிர்ந்த கண்ணியத்தோடு செய்தார்.

1980 செப்டம்பரில் அவர் 'டாக்டர் ஹூ'வுக்கே திரும்பினார், ஆனால் பார்பராவாக அல்ல. டாம் பேக்கர் நாயகராக இருந்த 'மெக்லாஸ்' கதையில், வானிலிருந்து விழுந்த ஒளிரும் பொருளைத் தெய்வமாக வணங்கும் டியோன் என்ற சமயக் கூட்டத்தின் தலைவி லெக்ஸா அவர். கதை சுமாரானது, அதை மறைப்பதற்கில்லை. ஆனால் லெக்ஸாவின் தலைப்பாகையும் நீண்ட அங்கியும் அணிந்து நிற்கும் ஹில்லைப் பார்க்கும்போது 'தி ஆஸ்டெக்ஸ்' நினைவுக்கு வராமல் போகாது. அங்கே தெய்வமாக நின்று நரபலியை நிறுத்தப் போராடியவர், இங்கே பூசாரியாக நின்று நாயகரையே பலியிட ஆணையிடுகிறார். அந்த ஆணையை வெறியாகக் காட்டாமல், தன் மக்களைக் காக்கும் கடமை என்று மனமார நம்பும் ஒருத்தியின் குரலில் சொல்கிறார். பதினாறு ஆண்டுகளுக்கு முன் பார்பராவால் புரிந்துகொள்ள முடியாமல் போன நம்பிக்கையை, லெக்ஸாவாக அவர் உள்ளிருந்தே நடித்துக்காட்டினார் என்று எனக்குத் தோன்றுகிறது. இறுதிப் பகுதியில் லெக்ஸா வேறொருத்தியைக் காக்கும் முயற்சியில் உயிர் விடுகிறாள்.

1993 பிப்ரவரி 18 அன்று, 63 வயதில், புற்றுநோயால் ஜாக்குலின் ஹில் காலமானார். தொடரின் 30ஆம் ஆண்டு விழாவுக்கு இன்னும் ஒன்பது மாதங்கள் இருந்தன. 2000க்குப் பின் பழைய பகுதிகள் சீர்செய்யப்பட்டுக் குறுந்தகடுகளாக வந்தபோது, ஒவ்வொரு காட்சியையும் பார்த்தபடி நினைவுகளைச் சொல்ல ரஸ்ஸலும் ஃபோர்டும் லாம்பர்ட்டும் ஹுசைனும் அழைக்கப்பட்டார்கள். அந்தப் பேச்சுகளில் ஹில் மற்றவர்கள் நினைவுகூரும் ஒருவராக மட்டுமே இருக்கிறார். தன் நடிப்பைப் பற்றி அவரே என்ன நினைத்தார் என்பதை அறியும் வாய்ப்பு நமக்கு மிகக் குறைவு. 2013இல், தொடர் பிறந்த கதையை பிபிசி தனி நாடகமாக எடுத்தபோது ஜெம்மா பவல் அவர் வேடத்தில் நடித்தார். 2022இல், 97 வயதில், ரஸ்ஸல் மறுபடியும் இயானாகச் சில நொடிகள் திரையில் தோன்றினார். பக்கத்தில் பார்பரா இல்லை.

1957 மார்ச் மாதத்து அந்த ஞாயிறு இரவைப் பற்றி ஒன்று பாக்கி இருக்கிறது. அன்றைய ஒளிபரப்பின் காட்சிப் பதிவு இல்லை என்றேன்; ஒலி இருந்தது. ராகாஃப் அந்த நாடகத்தின் ஒலிப்பதிவை அரை நூற்றாண்டுக்கு மேல் தன்னிடம் வைத்திருந்தார் என்பது பிற்காலத்தில் தெரியவந்தது. அதில் 27 வயது ஹில், தோற்றுப்போன ஒரு குத்துச்சண்டைக்காரனோடு பேசிக்கொண்டிருக்கிறார்.